வெளிச்சம் குடிக்கும் கண்கள்

சிலம்பாயியின் கண்ணைக் கட்டி முப்பத்தோரு வருஷம் ஆகிறது. பன்னிரண்டு வயசு முடிந்த அன்றைக்குக் கட்டினார்கள். கறுப்புத் துணியை நாலாய் மடித்து, நடுவில் பஞ்சை வைத்து, பின்மண்டையில் முடிச்சை இறுக்கின மேஸ்திரி, "அழாத தாயி, பழகிரும்" என்றார். பொய் சொல்லவில்லை மனுஷன். பழகித்தான் போயிற்று. செருப்பில்லாத காலுக்குக் கல் பழகிவிடுகிற மாதிரி.

மலைக்குடி என்பது மலைக்கு மேல் இருக்கிற ஊர் இல்லை, மலையின் வயிற்றுக்குள் இருக்கிற ஊர். வெளியே ஓயாமல் அனல்காற்று. போனவர்கள் திரும்பியதில்லை என்பதால் போவாரும் இல்லை. உள்ளே ஒன்றன்மேல் ஒன்றாக ஐந்து தளங்கள். சூரியன் என்ற ஒன்றை அங்கே யாரும் பார்த்ததில்லை. கூரையில் அங்கங்கே பதிந்து கிடக்கும் சுடர்க்கற்கள்தான் வெளிச்சம். மேலே நாலு தளங்களிலும் ஏடு எழுதுகிறவர்கள், வைத்தியர்கள், நெசவாளர்கள், ஒளியை அளக்கும் கணியர்கள். அடித்தளத்தில் உப்புச் சுரங்கம். அதில்தான் சிலம்பாயி உப்புக்கட்டி சுமந்தாள்.

கணியர்களின் கொள்கை லேசானது, சின்னப்பிள்ளைக்கும் விளங்கும். கண் என்பது ஒரு வாய். பார்க்கிற ஒவ்வொரு கண்ணும் வெளிச்சத்தில் ஒரு சொட்டுக் குடிக்கிறது. கல்லில் இருப்பதோ அளவான வெளிச்சம். எல்லோரும் குடித்தால் எல்லோருக்கும் இருட்டு. ஆகவே, பார்த்துச் செய்கிற வேலைக்காரர்கள் பார்க்கட்டும். சுமக்கிறவர்களுக்குக் கண் எதற்கு? இதற்குப் பெயர் பார்வைத் தேய்வு.

கேட்டால் நியாயமாய்த்தான் படும். சும்மா சொல்லவும் இல்லை, நிரூபித்தும் காட்டினார்கள். ஏழு வருஷத்துக்கு ஒருமுறை மறுசோதனை என்று நூறு சுமைக்காரர்களை மூன்றாம் தளத்துக் கூடத்துக்கு அழைத்துப் போவார்கள். கண்ணைக் கட்டிக்கொண்டு சுமந்தால் கூடம் பளிச்சென்று இருக்கும். கட்டை அவிழ்த்துவிட்டுச் சுமந்தால் அரை மணிக்குள் மங்கிவிடும். போய்வந்தவர்களே, "ஆமாப்பா, என் கண்ணால பாத்தேன், நாம பாக்கப் பாக்கக் குறையுது" என்று தலையில் அடித்துக்கொண்டு சொன்னார்கள். அப்புறம் யார் என்ன பேச?

வீட்டுக்குள் கட்டை அவிழ்த்துக்கொள்ளலாம். ஆனால் கீழ்த்தளத்து வீடுகளில் கல் கிடையாது. அவிழ்த்தாலும் ஒன்றுதான், அவிழ்க்காவிட்டாலும் ஒன்றுதான். வருஷத்துக்கு ஒருநாள், உப்புத் திருநாளில், கால்மணி நேரம் எல்லோரும் கட்டை எடுக்கலாம். அந்தக் கால்மணியில் யாரும் பேசமாட்டார்கள். பேச நேரம் ஏது? தாய் பிள்ளையைப் பார்ப்பாள், புருஷன் பெண்டாட்டியைப் பார்ப்பான், கூரை மங்கிக்கொண்டே வரும், மணி அடித்துவிடும். சிலம்பாயி தன் மகள் மரிக்கொழுந்தின் முகத்தை இதுவரை பதினோரு தரம் பார்த்திருக்கிறாள்.

மரிக்கொழுந்துக்குப் பன்னிரண்டு முடிய இன்னும் பத்து நாள்.

"அம்மா, கட்டுனதுக்குப் பெறகு கனவு வருமா?" என்று இருட்டில் கேட்டாள் பிள்ளை.

"வரும்."

"கனவுல கண்ணு தெரியுமா?"

"தெரியும், தூங்கு."

தன் கனவுகளில் இப்போதெல்லாம் சத்தம் மட்டும்தான் வருகிறது என்பதை அவள் சொல்லவில்லை.

மறுநாள் அந்த வருஷத்து மறுசோதனை. அதற்குப் பொறுக்கின நூறு பேரில் சிலம்பாயியும் இருந்தாள். அவளோடு ஒரே வழிகாட்டிக் கயிற்றைப் பிடித்துச் சுமக்கும் தவசியும் இருந்தான். அவள் புருஷன் சுரங்கச் சரிவில் செத்துப்போனதிலிருந்து அண்ணன் பெண்டாட்டிக்குச் செய்கிற மாதிரி ஒத்தாசை செய்கிறவன். வாயை மட்டும் அடக்கத் தெரியாது.

"மதினி, கட்டை அவுத்ததும் என்னையப் பாத்துப் பயந்துராத. முன்ன மாதிரி இல்ல நான்."

"முன்ன மட்டும் எப்படி இருந்தியாம்?"

"அரசன் மாதிரி இருந்தேன். உனக்குத்தான் கட்டு, தெரியல."

கயிற்றில் வந்த எல்லோரும் சிரித்தார்கள்.

மூன்றாம் தளத்துக் கூடம் உப்பு வாசம் இல்லாமல் வெறிச்சென்று இருந்தது. சோதனையை நடத்தியவர் கணியர் வில்லவன். மேல்தளத்துக்காரர்கள் எல்லோரையும்போல அவருக்கும் மெல்லிய குரல். அங்கே உரக்கப் பேசுவது கூட்டத்தில் துணி விலகுவதைப்போல அவமானம். அவர் சொல்வதை மேஸ்திரி திருப்பிக் கத்தித்தான் இவர்களுக்குக் கேட்கவைத்தார். "தினமும் செய்யிற வேலைய அப்படியே செய்யணுமாம். சுத்திச் சுத்திச் சுமக்கணுமாம்."

சுமந்தார்கள். கண் கட்டினவர்கள் சுமக்கிற முறை ஒன்று உண்டு. ஒவ்வொருவருக்கும் ஒரு கூவல். பாரத்தோடு வந்தால் "பாரம் வருதூ", வெறுங்கையாய் வந்தால் "வெறுங்கையேய்", திருப்பத்தில் "வளைவூ". பத்தடிக்கு ஒரு கூவல் கட்டாயம். கூவலை வைத்துத்தான் எதிரில் வருகிறவன் ஒதுங்குவான், பின்னால் வருகிறவன் நிற்பான். பொய்க்கூவல் போட்டவன் என்று கீழ்த்தளத்தில் ஒருத்தனும் இல்லை. போட்டால் எவனாவது செத்துப்போவான் என்பதால், சிரிப்புக்குக்கூட யாரும் போட்டதில்லை.

எதிர்ச்சுவரில் எழுத்துத் தட்டி ஒன்று தொங்கியது. மேல்வரியில் பெரிய எழுத்து, கீழே வரவரப் பொடி எழுத்து. எத்தனையாவது வரிவரை படிக்க முடிகிறதோ அதுதான் வெளிச்சத்தின் அளவு. கட்டோடு சுமந்த அரை மணி முடிவில், "ஒன்பதாம் வரி" என்று மெல்லச் சொன்னார் வில்லவன்.

பிறகு கட்டை அவிழ்த்தார்கள்.

சிலம்பாயிக்குக் கண் கூசி நீர் கொட்டியது. துடைத்துவிட்டுப் பார்த்தாள். நூறு பேரும் கூடையைத் தலையில் வைத்தபடி வாய் பிளந்து ஒருத்தரை ஒருத்தர் பார்த்துக்கொண்டு போனார்கள். கண் தெரிகிறபோது கூவ வேண்டிய அவசியம் இல்லை, யாரும் கூவவில்லை. காலடிச் சத்தம் மட்டும் சரக் சரக் என்று கேட்டது. தவசிக்கு முன்பல் ரெண்டு இல்லை. அரசனாம்.

மற்றவர்கள் முகங்களைப் பார்த்தார்கள். சிலம்பாயி கல்லைப் பார்த்தாள். தன் மகளிடமிருந்து கண்ணைப் பறிக்கப்போகிற பண்டம் எப்படித்தான் இருக்கிறது என்று பார்க்க அவளுக்கு ஆத்திரம். கூரையில் வரிசையாக, முற்றின பூசணித் துண்டங்கள்போல, மஞ்சளாக. பார்க்கப் பார்க்க அவை சோர்ந்தன. நிஜம்தான் போலிருக்கிறது, என் கண்ணும் ஒரு வாய்தான் என்று மனசு விட்டுப்போனது.

அப்போது யாருடைய முகத்தையோ பார்த்துக்கொண்டே நடந்த தவசி தூணில் இடித்துக்கொண்டான். உப்புக்கட்டி நழுவிக் காலில் விழுந்தது. மேல்தளத்துக் காதுகள் ஜென்மத்தில் கேட்டிராத ஒரு வசவைக் கூடமே அதிர அலறினான். எல்லோரும் அவனைத் திரும்பிப் பார்த்தார்கள். அவன் தலைக்கு நேர்மேலே இருந்த கல், ஊதிவிட்ட கங்குபோல ஒருதரம் சிவந்து, மஞ்சளாகி, மெல்ல அடங்கியது.

அரை மணி முடிந்தது. "நான்காம் வரி" என்றார் வில்லவன். அவர் குரலில் பெருமை இல்லை, கொஞ்சம் வருத்தம்கூட இருந்தது. மேஸ்திரி கட்டுகளை எடுத்துக்கொண்டு வந்தார்.

"சாமி, ஒண்ணு சொல்லணும்" என்றாள் சிலம்பாயி.

"ஏய், வாய மூடு. கயித்தப் பிடி" என்றார் மேஸ்திரி.

"இருங்க" என்றார் கணியர். "என்னம்மா?"

"தவசி கத்துனானுல்ல, அப்ப அவன் தலைக்கு மேல இருந்த கல்லு பொங்குச்சு. நான் பாத்தேன்."

கணியர் சிரித்துவிட்டார். பிறகு சிரிப்பு பாதியில் நின்றது. மேஸ்திரியிடம் மற்றவர்களைக் கூட்டிப்போகச் சொன்னார். கூடத்தில் அவரும் அவளும் மட்டும் நின்றார்கள்.

"கத்து, பாப்போம்."

"என்னன்னு கத்த?"

"தினம் என்ன கத்துவியோ அதை."

சிலம்பாயி அடிவயிற்றிலிருந்து எடுத்தாள். "பாரம் வருதூ... வளைவூ..."

கற்கள் ஒன்றன்பின் ஒன்றாக, கூப்பிட்ட வரிசையில் எழுந்து வருகிற மாதிரி, பொங்கின. வில்லவன் தட்டியைப் பார்த்தார். ஐந்து, ஆறு. "இன்னொரு தரம்!" ஏழு. நிறுத்தினாள். இறங்கியது.

"கண்ணை மூடிக்கிட்டுச் சும்மா நில்லு. நானும் மூடிக்கிறேன்."

நின்றார்கள். நூறு மூச்சு எண்ணிவிட்டுத் திறந்தபோது கூடம் முன்னைவிட மங்கிக் கிடந்தது. ஒரு கண்ணும் பார்க்கவில்லை; இருந்தும் தேய்ந்திருந்தது. "இப்ப கண்ணை அகலமாத் திறந்து, கல்லை முறைச்சுக்கிட்டே கூவு." கூவினாள். பொங்கியது. வில்லவன் குழந்தை மாதிரி ஆகிவிட்டார். கூடத்தின் அந்த மூலைக்கு ஓடு என்றார், முதுகைக் காட்டிக் கூவு என்றார், கையால் வாயைப் பொத்திக்கொண்டு கூவு என்றார்.

"நீங்களும் ஒரு சத்தம் கொடுத்துப் பாருங்க சாமி" என்றாள்.

அவர் சுற்றிலும் பார்த்தார். கதவு சாத்தியிருப்பதை உறுதி செய்துகொண்டார். தொண்டையைச் செருமினார். நாற்பது வருஷத்தில் ஒருதரமும் உரக்கப் பேசாத தொண்டை. முட்டையிட்ட கோழிபோல ஒரு சத்தம் வந்தது. சிலம்பாயி முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டாள். ஆனால் பக்கத்துக் கல் அதற்கும் லேசாக முகம் மலர்ந்தது.

கணியர் தரையிலேயே உட்கார்ந்துவிட்டார். "பிள்ளைகள் தெரு" என்று முணுமுணுத்தார். "கண் கட்டாத பிள்ளைகள் அத்தனை பேர் ஓடுற தெரு. அங்கதான் மலையிலேயே அதிக வெளிச்சம். சின்னக் கண், சின்ன வாய், கொஞ்சமாக் குடிக்கும்னு எங்க பாட்டன்மார் எழுதி வெச்சிருக்காங்க. காரணம் வாய்தாம்மா, கத்துற வாய். கண்ணு இல்ல."

"இம்புட்டு நாளு ஒருத்தருக்குமா தெரியல?"

"எப்படித் தெரியும்? சத்தம் போடுறவங்களுக்குக் கண்ணு இல்ல. கண்ணு இருக்கிறவங்க சத்தம் போடுறதில்ல."

சிலம்பாயி அவர் எதிரில் குந்தினாள். "அப்ப எம்பிள்ள கண்ணைக் கட்ட வேண்டியதில்லதானே? இன்னும் ஒம்பது நாள்தான் இருக்கு சாமி."

வில்லவன் கூரையோரத்தில் இருந்த காற்றுத்துளைகளையே பார்த்துக்கொண்டிருந்தார். அடித்தளத்திலிருந்து மேல் நாலு தளத்துக்கும் போகிற துளைகள் அவை. அவற்றின் வழியே, வெகு கீழே சுமந்துகொண்டிருப்பவர்களின் கூவல், தேனீக்கூட்டு இரைச்சல்போல ஏறி வந்துகொண்டிருந்தது. மேல்தளத்தில் பிறந்தவர்கள் அதைக் கேட்பதே இல்லை. காற்றின் சத்தம் என்று நினைத்திருந்தார்கள். மேல்தளத்துக் கற்களை எரியவைத்தது அந்தச் சத்தம்தான்.

"ஒன்பதாம் நாள் கணியர் சபை கூடுது" என்றார் மெல்ல. "நான் இதைச் சொல்லியாகணும். கண்டதை மறைச்சுப் பொய் எழுத என்னால முடியாது. ஆனா சொன்ன உடனே முதல்ல என்ன கேப்பாங்க தெரியுமா? கட்டை அவுத்துட்டா அவங்க கூவுவாங்களான்னு கேப்பாங்க."

"கண்ணு தெரிஞ்சா எதுக்கு சாமி கூவணும்?" என்றாள் சிலம்பாயி. சொன்ன வாய் மூடுவதற்குள் அவள் காதே அதைக் கேட்டுவிட்டது.

வில்லவன் தலையை ஆட்டினார். "கொள்கைதான் பொய். கட்டு பொய்யில்ல. இதுவரைக்கும் காரணம் தெரியாமக் கட்டினோம். இனிமே தெரிஞ்சே கட்டுவாங்க."

கொஞ்சநேரம் இருவரும் பேசவில்லை. பேசாததால் கூடம் இன்னும் மங்கியது.

"மேல இருக்கவுக கூவட்டுமே. அவுக வெளிச்சத்துக்கு அவுக தொண்டை."

"செத்தாலும் மாட்டாங்கம்மா. மெல்லப் பேசறதுதான் எங்களுக்கு மனுஷ லட்சணம். பால் குடிக்கிற வயசுலயே பழக்கிடுறாங்க."

"செத்தாலும் மாட்டாகளா?" என்று திரும்பக் கேட்டாள் சிலம்பாயி. கேட்ட தொனி அவருக்குப் பிடிபடவில்லை. "சரி சாமி. ஒம்பதாம் நாளு வரைக்கும் யார்ட்டயும் சொல்லிறாதீக."

"என்ன பண்ணப்போற?"

"ஒண்ணும் பண்ணப்போறதில்ல" என்றாள். அது உண்மைதான்.

கீழே தண்ணீர்த் தொட்டியடியில்தான் எல்லோரும் கட்டோடு உட்கார்ந்து கஞ்சி குடிப்பார்கள். அங்கே வைத்து, மேஸ்திரி இல்லாத நேரமாகப் பார்த்து, நடந்ததைச் சொன்னாள். ஒருநாள் நாம் ஒருத்தரும் கூவாமல் இருந்து பார்ப்போம் என்றாள். முதலில் சிரித்தார்கள். "கல்லுக்குக் காதாமா! மூக்கு இல்லையாக்கும்?" அப்புறம் கோபப்பட்டார்கள். நாலு வருஷத்துக்கு முன்னால் மகனைக் கட்டுக்குக் கொடுத்த ஒண்டியம்மா, "பொய் சொல்லாதடி. எம்மவன் கண்ணு சும்மாவா போச்சு?" என்று அழுதாள். அவளைத் தேற்றுவதற்குள் கஞ்சி ஆறிவிட்டது.

"இவ சொல்ற மாதிரி கூவாம இருந்தா எப்படி நடக்கிறது? முட்டிச் சாகவா?" என்று ஒருத்தர் கேட்டார்.

"நடக்க வேணாம்ணே. உக்காந்திருப்போம். பேச்சு, இருமல் எதுவும் வேணாம். கூடையைக்கூட உருட்ட வேணாம்."

"அதெல்லாம் சரி, நீ சொல்றது நெசம்னு யாருக்குத் தெரியும்? எங்களுக்குக் காட்டவா முடியும்?"

கண் கட்டினவர்களுக்கு வெளிச்சத்தை எப்படிக் காட்டுவது? தவசிதான், தூணில் இடித்த நெற்றியைத் தடவிக்கொண்டு பேசினான்.

"மதினி, நீ பாத்தியா?"

"பாத்தேன்."

"அம்புட்டுத்தான். முப்பது வருஷமா இவ 'வளைவூ'ன்னா திரும்புறோம். ஒருநாளாச்சும் வளைவு இல்லாம இருந்துச்சா? இன்னிக்கும் ஒரு கூவல் போட்டிருக்கா. திரும்புறதுன்னா திரும்புங்க, முட்டுறதுன்னா முட்டுங்க."

ஒண்டியம்மா மூக்கைச் சிந்திவிட்டு, "எந்த நாளு?" என்று கேட்டாள்.

ஒன்பதாம் நாள், சுரங்க வாசலில் ஏழு பிள்ளைகளை வரிசையாக நிறுத்தியிருந்தார்கள். மரிக்கொழுந்து மூன்றாவது. மேஸ்திரி கறுப்புத் துணியை மடித்துக்கொண்டே, "சுமையை எடுங்கப்பா, நேரமாச்சு" என்று சுரங்கத்தைப் பார்த்துக் கத்தினார்.

ஒருவரும் எழுந்திருக்கவில்லை. ஆயிரத்துச் சொச்சம் பேர், சின்னப்பிள்ளைகளையும் சத்தமில்லாமல் மடியில் வைத்துக்கொண்டு, உட்கார்ந்த இடத்தில் உட்கார்ந்திருந்தார்கள்.

"என்னய்யா, காது கேக்கலையா? ஏய் தவசி! ஏய்!" மேஸ்திரி அங்கும் இங்கும் ஓடிக் கத்தினார். கத்தின இடத்தில் மட்டும் கூரை கொஞ்சம் முழித்து, அவர் நகர்ந்ததும் தூங்கியது. வெளிச்சம் இறங்குவதைப் பார்த்து ஓடின இடத்திலேயே நின்றுவிட்டார். "என்ன இது... என்ன இது..." என்று குசுகுசுத்தார். குசுகுசுப்பு கல்லுக்குப் போதவில்லை. வரிசையில் நின்ற பிள்ளைகள் ஒருத்தரை ஒருத்தர் பிடித்துக்கொண்டார்கள். மரிக்கொழுந்து மட்டும் தட்டுத்தடவி வந்து தாயின் மடியில் ஏறிக்கொண்டாள். சிலம்பாயி கட்டை அவிழ்த்தாள். வீட்டுக்குள் இருப்பதைப்போன்ற இருட்டு. ஆனால் மலை முழுக்க.

காற்றுத்துளைகளில் காதை வைத்துக் கேட்கிற மாதிரி எல்லோரும் மூச்சைப் பிடித்துக்கொண்டிருந்தார்கள். மேலே வெகுநேரம் ஒன்றுமில்லை. மெல்லப் பேசுகிறவர்கள் இருட்டிலும் மெல்லத்தான் பேசிக்கொண்டிருக்க வேண்டும். கணியர் சொன்னதுதான் சரியோ? செத்தாலும் மாட்டார்களோ? இன்னும் எத்தனை நேரம் ஆயிரம் பேரால் இருமாமல் இருக்க முடியும்?

எங்கோ ஒரு பாத்திரம் விழுந்து உடைந்தது. யாரோ படியில் உருண்டார்கள். அப்புறம், நாலாவது தளமோ ஐந்தாவதோ, ஒரு பெண்குரல் இறங்கி வந்தது. பழக்கமில்லாத, கரகரத்த குரல்.

"யாராவது இருக்கீங்களா?"

தவசிக்கு வாய் நிற்கவில்லை. "இருக்கோம் தா..." என்று ஆரம்பித்தவனின் வாயைச் சிலம்பாயி எட்டிப் பொத்தினாள்.

"யாராவது... யாராவது பக்கத்தில இருக்கீங்களா?"

இன்னொரு குரல் வேறு தளத்திலிருந்து பதில் சொன்னது. ஒரு ஆள் தன் பிள்ளையின் பெயரைச் சொல்லிக் கூப்பிட்டார். கூப்பிடக் கூப்பிடக் குரல் உயர்ந்தது. பிள்ளை அழுதுகொண்டே பதில் கொடுத்தது. பிறகு பத்து, நூறு. இங்கே இருக்கேன், அங்கேயே நில்லுங்க, படி இருக்கு, பாத்து வாங்க. மனுஷ லட்சணம் எல்லாம் போய், கீழ்த்தளத்துக்காரர்கள் காலமெல்லாம் கூவினதையே அவர்கள் அன்றைக்குப் புதிதாய்க் கூவினார்கள்.

"அம்மா, கல்லு" என்று காதோடு சொன்னாள் மரிக்கொழுந்து.

துளைகளின் வழியே மேல்தளத்துச் சத்தம் சுரங்கத்துக்குள் கொட்டிக்கொண்டிருந்தது. துளைக்குப் பக்கத்திலிருந்த கல் முதலில் கண் விழித்தது. அதற்கடுத்தது. அதற்கடுத்தது. ஒண்டியம்மா கட்டை இழுத்து எறிந்துவிட்டு மகனின் தாடையைத் திருப்பிப் பார்த்தாள். ஆயிரம் பேரும் கட்டை அவிழ்த்தார்கள். மேஸ்திரி கறுப்புத் துணியைக் கையில் வைத்துக்கொண்டு மேலே பார்த்தபடி நின்றார். அந்தத் துணியை என்ன செய்வது என்று அவருக்குத் தெரியவில்லை.

மேலே கூப்பாடு இன்னும் அடங்கவில்லை. வெளிச்சம் வந்துவிட்டதை அவர்களும் பார்த்திருப்பார்கள். நிறுத்தினால் போய்விடுமோ என்ற பயத்தில் கூவிக்கொண்டிருந்தார்கள்.

"பாவம்மா, நாம பதில் சொல்லலாமா?" என்றாள் மரிக்கொழுந்து.

சிலம்பாயி அவள் முகத்தை இரண்டு கையாலும் பிடித்து, மணி அடிக்குமோ என்ற அவசரம் இல்லாமல், சாவகாசமாகப் பார்த்தாள். புருவத்துக்கு நடுவில் ஒரு தழும்பு இருந்தது. எப்போது விழுந்தாள் என்று கேட்க வேண்டும்.

"சொல்லலாம்" என்று உதட்டை மட்டும் அசைத்தாள். "இரு. இன்னும் கொஞ்சநேரம் அவுக கூப்பிடட்டும்."